ஜாமீன் மனு போட்டால் எத்தனை நாளில் உத்தரவு வர வேண்டும்? தர்மபுரி, கிருஷ்ணகிரிக்காரர்கள் சொல்லுங்கள்

வரப்போரம் | திங்கள் இரவு 9.40

எங்கள் வீட்டில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். கேள்வி கடைசியில்.

தர்மபுரி மாவட்டத்தில் ஒரு தாலுகா கோர்ட். எது என்று வேண்டாம். பக்கத்துக் காட்டுக்காரருக்கும் எங்களுக்கும் பத்து வருஷமாக வரப்புத் தகராறு. போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, போர்வெல்லிலிருந்து பைப் இழுக்கும்போது வாய்ச்சண்டை முற்றி, தம்பி மண்வெட்டிக் காம்பால் அவர் கையில் அடித்துவிட்டான். நான்கு தையல். அடித்தது தப்புதான், அதை மூடி மறைக்க நான் வரவில்லை. சாயங்காலமே போலீஸ் வந்து அழைத்துப் போனார்கள். இரவு பத்தரை மணிக்கு மாஜிஸ்திரேட் வீட்டில் நிறுத்தினார்கள். பதினைந்து நாள் ரிமாண்ட், கிளைச் சிறை.

சனி, ஞாயிறு விடுமுறை. திங்கள் காலை வக்கீல் ஜாமீன் மனுப் போட்டார். அரசுத் தரப்பு வக்கீலான ஏ.பி.பி.க்கு நோட்டீஸ் என்று புதன்கிழமைக்கு வைத்தார்கள். புதன்கிழமை போலீஸ் ரிப்போர்ட் வரவில்லை. வியாழக்கிழமை மாஜிஸ்திரேட் லீவு, பக்கத்து ஊர் கோர்ட்டிலிருந்து இன்சார்ஜ். அவர் ‘ரெகுலர் ஆபீசர் வந்து பார்க்கட்டும்’ என்று திங்களுக்குத் தள்ளிவிட்டார். திங்கள் ஐந்து நிமிஷ வாதம், சாயங்காலம் உத்தரவு, ஜாமீன் கிடைத்தது. இரண்டு ஜாமீன்தாரர், அதில் ஒருவர் ரத்த உறவாக இருக்க வேண்டும். நான் ஒருவன். இன்னொருவர் எங்கள் பெரியப்பா மகன். அவர் பேரில் இருப்பது கூட்டுப்பட்டா என்று செவ்வாய்க்கிழமை திருப்பிவிட்டார்கள். புதன்கிழமை வேறு ஆளைப் பிடித்து, வி.ஏ.ஓ.விடம் சான்று வாங்கி, கையெழுத்தெல்லாம் முடிந்தபோது மணி ஐந்து. விடுதலை உத்தரவு சிறைக்குப் போய்ச் சேருவதற்குள் லாக்கப் மூடியாயிற்று. வியாழன் காலைதான் வெளியே வந்தான்.

பதின்மூன்று இரவு. ஓசூரில் ஒரு கம்பெனியில் காண்ட்ராக்ட் வேலை பார்த்தான், சொல்லாமல் நின்றுவிட்டான் என்று கேட் பாஸை எடுத்துவிட்டார்கள். வீட்டில் இரண்டு கறவை மாடு. அம்மாவால் தனியாகப் பார்க்க முடியாமல் ஒன்றை விற்றாயிற்று.

ஜாமீன் மனுவை மாஜிஸ்திரேட் இத்தனை நாளுக்குள் முடிக்க வேண்டும் என்று ஏதாவது கணக்கு இருக்கிறதா, இல்லையா? இருந்தால் அது எங்கள் ஊருக்கு வராதா?


கறுப்புக் கோட்டு | திங்கள் இரவு 10.25

கிருஷ்ணகிரி பக்கம் பதினாறு வருஷமாகக் கிரிமினல் பார்க்கிறேன். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

சட்டப் புத்தகத்தில் நாள் கணக்கு கிடையாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 437தான் 2024 ஜூலை 1 முதல் பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய சட்டத்தில் 480. இரண்டிலும் இத்தனை நாளுக்குள் முடிவு செய் என்று எழுதியிருக்கவில்லை. கணக்கு உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளிலிருந்து வருகிறது. 2017 ஹுசைன் வழக்கில், கீழ்க்கோர்ட்டில் ஜாமீன் மனு சாதாரணமாக ஒரு வாரத்தில் முடிய வேண்டும் என்றார்கள். 2022 சதேந்தர் குமார் அன்டில் வழக்கில் இரண்டு வாரம் என்றார்கள், முன்ஜாமீனுக்கு ஆறு வாரம்.

இனி உங்கள் தேதிகளைப் பாருங்கள். திங்கள் மனு, அடுத்த திங்கள் உத்தரவு. ஏழு நாள். இருப்பதிலேயே கறாரான தீர்ப்பை வைத்து அளந்தாலும் அந்த மாஜிஸ்திரேட் நேரம் தவறவில்லை. ரிஜிஸ்டரில் இது காலத்தில் முடிந்த மனு. முன்னால் போன மூன்று இரவும் பின்னால் போன மூன்று இரவும் எந்த ரிஜிஸ்டரிலும் ஏறாது. அந்த ஏழு நாளிலும் உங்கள் கேஸைப் படித்துப் பார்க்க ஆனது ஐந்து நிமிஷம் என்று நீங்களே சொல்கிறீர்கள்.

இன்னொன்று. மனுப் போடுவதற்கு முன்பே, அந்த வெள்ளிக்கிழமை இரவிலேயே ஒரு வாய்ப்பு இருந்தது. ஏழு வருஷம் வரை தண்டனை உள்ள பிரிவுகளில் கைது தேவையா என்று போலீஸ் காரணம் எழுத வேண்டும், அந்தக் காரணத்தை மாஜிஸ்திரேட் பார்த்து, தானும் எழுத்தில் பதிவு செய்துதான் ரிமாண்ட் தர வேண்டும். 2014 அர்னேஷ் குமார் தீர்ப்பு அது. இயந்திரம் போல ரிமாண்ட் செய்யும் மாஜிஸ்திரேட் மீது உயர் நீதிமன்றம் துறை நடவடிக்கை எடுக்கலாம் என்றும் அதிலேயே இருக்கிறது. கைது செய்யாமல் நோட்டீஸ் கொடுத்துக் கூப்பிடுவதற்கு இப்போது பி.என்.எஸ்.எஸ். 35(3) பிரிவு. அன்று இரவு தம்பி பக்கம் வக்கீல் யாராவது நின்றார்களா?


வரப்போரம் | திங்கள் இரவு 10.41

இல்லை சார். இரவு பத்தரைக்கு யாரைக் கூப்பிடுவது என்றே எங்களுக்குத் தெரியவில்லை. நான் வெளியே கேட் அருகே நின்றேன். இரண்டே நிமிஷத்தில் வேன் கிளம்பிவிட்டது.


சின்னாறு | திங்கள் இரவு 11.05

வக்கீல் சார் இரண்டு தீர்ப்போடு நிறுத்திவிட்டார். 2025 செப்டம்பரில் இன்னொன்று வந்தது. உயர் நீதிமன்றங்களிலும் கீழ்க்கோர்ட்டுகளிலும் ஜாமீன், முன்ஜாமீன் மனுக்களை முடிந்தவரை இரண்டு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று.

2017இல் ஒரு வாரம். 2022இல் இரண்டு வாரம். 2025இல் இரண்டு மாதம். எங்கள் ஊர் டவுன் பஸ்கூட இந்த வேகத்தில் பின்னால் போகாது.


கறுப்புக் கோட்டு | செவ்வாய் காலை 7.15

சிரித்துவிட்டேன். ஆனாலும் சரியான ஒப்பீடு இல்லை. 2025இல் சொன்னது வருஷக்கணக்கில் கிடக்கும் மனுக்களுக்காக. உயர் நீதிமன்றத்தில் முன்ஜாமீன் மனு ஆண்டுக்கணக்கில் கிடந்த ஒரு வழக்கில் எழுந்த பேச்சு அது. அந்த இரண்டு மாதத்தைக் காட்டி எந்தத் தாலுகா கோர்ட்டிலும் யாரும் வாய்தா கேட்பதை நான் பார்த்ததில்லை. நம் பக்கம் சாதாரண அடிதடி, மணல், கர்நாடகா பாக்கெட் சாராயம் இவற்றில் மனு மூன்று நாளிலிருந்து பத்து நாளில் முடிந்துவிடும். அந்த மூன்று ஏன் பத்து ஆகிறது என்பதுதான் நாம் பேச வேண்டியது.

இதில் வக்கீல்களே பலர் மறந்துபோன ஒரு சங்கதி உண்டு. அரசுத் தரப்பைக் கேட்காமல் ஜாமீன் தரக்கூடாது என்று 480இல் இருப்பது மரணம், ஆயுள், ஏழு வருஷமோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றங்களுக்கு மட்டும். அதற்குக் கீழே உள்ள பிரிவுகளில் போலீஸ் ரிப்போர்ட் வரும்வரை மாஜிஸ்திரேட் காத்திருக்க வேண்டும் என்று சட்டம் சொல்லவே இல்லை. ஆனால் பழக்கம் அப்படி ஆகிவிட்டது. எல்லா மனுவுக்கும் நோட்டீஸ், எல்லா மனுவுக்கும் ரிப்போர்ட். ரிப்போர்ட் வராவிட்டால் ஒரு வாய்தா, உள்ளே இருப்பவனுக்கு இரண்டு நாள் போகும். ரிப்போர்ட் வராததற்கு ஏன் உள்ளே இருப்பவன் விலை கொடுக்க வேண்டும்? ‘இன்று மாலைக்குள் வராவிட்டால் அரசுத் தரப்புக்கு ஆட்சேபம் இல்லை என்று எடுத்துக்கொள்வேன்’ என்று ஒரே ஒரு மாஜிஸ்திரேட் சொல்லிக் கேட்டிருக்கிறேன். அவர் இருந்த இரண்டு வருஷமும் ரிப்போர்ட் மதியம் இரண்டு மணிக்கே வந்து உட்கார்ந்திருக்கும்.


ஓய்வு ஏட்டு | செவ்வாய் காலை 9.30

போலீஸ் ரிப்போர்ட் வரவில்லை என்று ஒரே வரியில் சொல்லிவிடுகிறீர்கள். நான் முப்பத்து மூன்று வருஷம் வேலை பார்த்தவன், அதில் ஆறு வருஷம் கோர்ட் டியூட்டி. அந்தப் பக்கத்தையும் கொஞ்சம் கேளுங்கள்.

ஸ்டேஷனுக்கு ஒரு எஸ்.ஐ., பல நாள் அவரே எல்லாம். ஆடிப் பதினெட்டுக்கு ஒகேனக்கல் பந்தோபஸ்து, தை மாதம் எருது விடும் விழா பந்தோபஸ்து, நடுவில் மந்திரி வந்தால் அது. மனு நகல் ஏ.பி.பி. ஆபீசிலிருந்து கோர்ட் ஏட்டு வழியாக ஸ்டேஷனுக்கு வர ஒரு நாள். அடிபட்டவர் ஆஸ்பத்திரியில் இருக்கிறாரா, டிஸ்சார்ஜ் ஆனாரா, காயம் சாதாரணமா கொடுங்காயமா என்று எழுத வேண்டும். அதற்கு ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது எழுதும் ஏ.ஆர். காப்பி போதாது, காயச் சான்று வேண்டும். கேட்டால் டாக்டர் நைட் டியூட்டி முடித்துப் போய்விட்டார் என்பார்கள். ‘காயம் ஆறவில்லை’ என்று எழுதினால் வக்கீல் சத்தம் போடுவார். ‘ஆட்சேபம் இல்லை’ என்று எழுதிவிட்டு, அந்த ஆள் வெளியே போய் மறுபடி அடித்தால் மெமோ எனக்கு வரும். அதனால் யாரும் ஆட்சேபம் இல்லை என்று எழுதவே மாட்டார்கள், ‘சாட்சிகளைக் கலைப்பார்’ என்ற வரியை எல்லா ரிப்போர்ட்டிலும் போட்டுவிடுவோம். ஒளித்து என்ன ஆகப் போகிறது, சொல்லிவிடுகிறேன்.

அப்புறம், வெள்ளிக்கிழமை சாயங்காலக் கைது எல்லாமே திட்டமிட்டது என்று ஒரு பேச்சு எங்கும் உண்டு. எல்லாமே அப்படி இல்லை. எதுவுமே அப்படி இல்லை என்றும் சொல்ல மாட்டேன்.


தென்பெண்ணைக் கரை | செவ்வாய் மதியம் 1.10

எல்லாரும் உள்ளே இருப்பவருக்காகவே பேசுகிறீர்கள். நான் அடிபட்ட வீட்டுக்காரி.

என் வீட்டுக்காரருக்குக் காலில் இரும்புத் தடியால் அடி, எலும்பு முறிந்து பிளேட் வைத்தோம். அடித்தவர் ஐந்தாவது நாள் வெளியே வந்துவிட்டார். எங்களுக்கு யாரும் சொல்லவில்லை. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த அன்று, எதிர் டீக்கடையில் உட்கார்ந்து எங்களைப் பார்த்துக்கொண்டே டீ குடித்துக்கொண்டிருந்தார். என் மகள் அன்று முழுக்க வெளியே வரவில்லை. சீக்கிரம் சீக்கிரம் என்கிறீர்களே, அந்த மாஜிஸ்திரேட் இன்னும் இரண்டு நாள் எடுத்துக்கொண்டு எங்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் என்ன குறைந்து போயிருக்கும்?

வரப்போரம் தம்பி, உங்கள் வீட்டு நிலைமை எனக்குப் புரிகிறது. நான்கு தையல் போட்டுக்கொண்டவர் வீட்டிலும் யாராவது இதேபோல எழுதிக்கொண்டிருக்கலாம்.


வரப்போரம் | செவ்வாய் மதியம் 2.00

சரிதான் அக்கா. மறுப்பதற்கு ஒன்றும் இல்லை.


கறுப்புக் கோட்டு | செவ்வாய் இரவு 8.50

அம்மா சொன்னதற்கு நான் பதில் சொல்லியாக வேண்டும்.

புகார் கொடுத்தவருக்கு நோட்டீஸ் கொடுத்தே ஆக வேண்டும் என்பது எல்லா வழக்கிலும் கிடையாது. எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கில் 15ஏ பிரிவுப்படி பாதிக்கப்பட்டவருக்குத் தெரிவிக்க வேண்டும், அவர் பேச உரிமை உண்டு. மற்ற வழக்குகளில் நீங்களே வக்கீல் வைத்தோ ஏ.பி.பி. வழியாகவோ ஆட்சேபம் சொல்லலாம். ஆனால் மனு வந்ததே உங்களுக்குத் தெரியாதபோது எப்படிச் சொல்வீர்கள்? ஸ்டேஷனிலிருந்து ஒரு போன் போதும், அது நடப்பதில்லை. வெளியே வந்தபின் மிரட்டினால், ஜாமீன் கொடுத்த மாஜிஸ்திரேட்டிடமே ரத்து செய்யக் கேட்கலாம், 480(5) இருக்கிறது. செஷன்ஸ் கோர்ட்டிலும் கேட்கலாம். டீக்கடையில் உட்கார்ந்ததற்கு ரத்து செய்வார்களா என்றால், அது சந்தேகம்தான்.

அடுத்தது, நான் கேட்பது சீக்கிரம் விடுதலை அல்ல, சீக்கிரம் பதில். என் கட்சிக்காரன் மனுவை மாஜிஸ்திரேட் முதல் நாளே தள்ளுபடி செய்தால் நான் வருத்தப்படுவேன், ஆனால் மறுநாள் செஷன்ஸ் கோர்ட்டில் நிற்பேன். நான்கு வாய்தா போட்டு, ஒன்பதாம் நாள் தள்ளுபடி செய்தால்? அதுவரை நான் மேலேயும் போக முடியாது, கீழேயும் ஒன்றும் இல்லை. இங்கே மனு நிலுவையில் இருக்கும்போது அங்கே போட்டால் ‘அது என்னவாயிற்று’ என்பதே முதல் கேள்வி. ஒன்பது நாள் கழித்துக் கிடைக்கும் ‘சரி’யைவிட முதல் நாள் சொல்லும் ‘முடியாது’ பல நேரம் மேல். அடிபட்ட வீட்டுக்கும் அதேதான். முதல் நாளே விசாரணைக்கு வருகிறது என்று தெரிந்தால் வந்து நிற்கலாம், எந்த நாள் எடுப்பார்கள் என்றே தெரியாத மனுவுக்கு எத்தனை நாள் பஸ் ஏறி வருவது?


பழைய பெஞ்ச் கிளார்க் | செவ்வாய் இரவு 9.35

நான் நீதிமன்ற ஊழியனாக இருந்து ஓய்வு பெற்றவன். உள்ளே எப்படி நடக்கும் என்று சொன்னால் கோபம் குறையாது, ஆனால் எந்த இடத்தில் கோபப்பட வேண்டும் என்று தெரியும்.

காலை பத்தரைக்கு மனு கொடுத்தால் முதலில் சரிபார்ப்பு. குற்ற எண் தப்பு, வக்காலத்தில் சிறை அதிகாரி சான்றொப்பம் இல்லை, எஃப்.ஐ.ஆர். நகல் இல்லை என்று திரும்பும். திரும்பியதைச் சரிசெய்து வைத்தால் மறுநாள். இதில் பாதி வக்கீல் ஆபீஸ் குமாஸ்தா அவசரத்தில் செய்யும் தவறு. மாஜிஸ்திரேட் முகத்தையே பார்க்காமல் ஒரு நாள் போய்விடும், அதற்கும் பழி மாஜிஸ்திரேட் மேல்.

நம்பர் ஆனபின் அன்றே பெஞ்சுக்குப் போகும். ஆனால் அன்று காலை ஐம்பது அறுபது வழக்கு கூப்பிட வேண்டும், சாட்சி வந்து நிற்பார், பிற்பகல் புது ரிமாண்ட் வரும், நடுவில் ஒரு மரண வாக்குமூலம் என்று ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டால் எழுந்து போக வேண்டும். மாஜிஸ்திரேட்டே பதிவு செய்யும் 164 வாக்குமூலம், இப்போது 183 என்கிறார்கள், அதற்கு அரை நாள். ஒரே மாஜிஸ்திரேட்.

இன்சார்ஜ் விஷயத்துக்கு வருகிறேன். உண்மையில் நாள் தொலைவது அங்கேதான். ஒரு கோர்ட்டுக்கு ஆபீசர் மாற்றலாகிப் போய், புது ஆள் வரும்வரை பக்கத்துக் கோர்ட் ஆபீசர் கவனிப்பார். அவருக்குத் தன் கோர்ட் முடிந்து இங்கே வர மூன்று மணி. இன்சார்ஜுக்கும் முழு அதிகாரம் உண்டு, ஜாமீன் கொடுக்கலாம், தள்ளலாம், சட்டத்தில் எந்தத் தடையும் இல்லை. ஆனால் ‘நமக்கு எதற்கு’ என்ற எண்ணம் சிலரிடம் உண்டு. நான் வேலை பார்த்த ஒரு இன்சார்ஜ் அம்மா நேர்மாறு. வந்ததும் ‘ஜெயிலில் இருக்கிறவங்க பேப்பரை மட்டும் முதல்ல வைங்க’ என்பார். நாற்பது நிமிஷத்தில் எல்லாம் முடிந்துவிடும். மற்ற கட்டு அப்படியே கிடக்கும், கிடக்கட்டுமே, அதில் யாரும் உள்ளே இல்லையே.


சிப்காட் மேஸ்திரி | புதன் காலை 6.40

ஓசூரில் கம்பெனிகளுக்கு ஆள் அனுப்பும் வேலை பார்க்கிறேன். நீங்கள் பேசுவது உள்ளூர்க்காரன் கதை. வெளியூர்ப் பையன் மாட்டினால் என்ன ஆகும் என்று சொல்கிறேன்.

ஒடிசா பையன், ரூமில் செல்போன் திருடினான் என்று கேஸ். திருடினானோ இல்லையோ எனக்குத் தெரியாது. நான்காவது நாளே ஜாமீன் உத்தரவு வந்துவிட்டது. வேகம்தானே? ஆனால் அவன் வெளியே வந்தது முப்பத்தெட்டாவது நாள். இரண்டு உள்ளூர் ஜாமீன்தாரர், வீட்டு வரி ரசீதோடு. இங்கே அவனுக்கு யார் வீட்டு வரி ரசீது கொடுப்பார்? ரூம் ஓனர் கதவையே திறக்கவில்லை. ரத்த உறவு என்றால் அப்பாதான் ரயில் ஏறி வர வேண்டும், வந்தாலும் சொத்து அங்கே இருக்கிறது. கோர்ட் வாசலில் ரெடிமேட் ஜாமீன்தாரர் இருக்கிறார்கள், ஆளுக்கு இவ்வளவு என்று ரேட். அந்த வழிக்குப் போக எனக்கு மனசு வரவில்லை. அவனுக்கு மொழியும் தெரியாது. மனு போட்ட வக்கீலோ ‘என் வேலை முடிந்தது’ என்றுவிட்டார்.


கறுப்புக் கோட்டு | புதன் காலை 8.05

மேஸ்திரி சொன்னதைப் படித்ததும் 1978 மோத்திராம் வழக்கு ஞாபகம் வருகிறது. மத்தியப் பிரதேசத்தில் ஒரு கொத்தனார். உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தும், கீழே தலைமை மாஜிஸ்திரேட் பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டார். அண்ணனோ தம்பியோ வந்து நின்றதற்கு, சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது, செல்லாது என்றார். மறுபடி உச்ச நீதிமன்றம். நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், தமிழனோ மலையாளியோ பஸ்தரிலோ சாந்தினி சௌக்கிலோ கைதானால் உள்ளூர் ஜாமீன்தாரருக்கு எங்கே போவான் என்று தீர்ப்பிலேயே கேட்டு, ஆயிரம் ரூபாய் சொந்தப் பிணையில் அந்தக் கொத்தனாரை விடச் சொன்னார். அப்போது தமிழனுக்காகக் கேட்ட கேள்வியை இப்போது ஓசூரில் ஒடிசாக்காரனுக்காக நாம் கேட்கிறோம்.

இப்போது கையில் இருக்கும் கருவி 2023 ஜனவரி 31 உச்ச நீதிமன்ற உத்தரவு. ஜாமீன் கொடுத்த கோர்ட், உத்தரவு நகலை அன்றோ மறுநாளோ சிறைக்கு மின்னஞ்சலில் அனுப்ப வேண்டும். ஏழு நாளில் ஆள் வெளியே போகாவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குச் சொல்ல வேண்டும். ஒரு மாதத்தில் பிணை கொடுக்க முடியாவிட்டால் நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று கோர்ட் தானாகவே பார்க்கலாம். உள்ளூர் ஜாமீன்தாரர்தான் வேண்டும் என்ற பிடிவாதத்தை விட வேண்டும் என்றும் அதில் இருக்கிறது. மேஸ்திரியின் பையன் விஷயத்தில் ஏழாம் நாள் நடக்க வேண்டியது நடக்கவில்லை, அவ்வளவுதான். தொகை அதிகமாக வைக்கக்கூடாது என்று சட்டத்திலேயே 484 இருக்கிறது. ஜாமீனில் விடக்கூடிய பிரிவாக இருந்தால் இன்னும் எளிது. கைதாகி ஒரு வாரத்துக்குள் ஜாமீன்தாரர் கொடுக்க முடியாதவனை ஏழை என்றே எடுத்துக்கொண்டு சொந்தப் பிணையில் விட வேண்டும், 478 விளக்கம். திருட்டுக்கு அது பொருந்தாது.

சிறையில் இருப்பவருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு. 1987 சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், பிரிவு 12. 15100 என்ற எண்ணுக்குப் போன் போட்டால் போதும். வரப்போரம் கேட்டிருந்தாரே, இரவு பத்தரைக்கு யாரைக் கூப்பிடுவது என்று. அந்த எண்ணைக் கூப்பிடுங்கள்.


அரூர்க்காரன் | புதன் மதியம் 12.30

இந்த இழையில் எங்கள் ஊர்ப் பக்கத்துச் சம்பவத்தைச் சொல்லாமல் போனால் சரியில்லை.

வாச்சாத்தி. 1992 ஜூன் 20. சந்தன மரம் பதுக்கியதாக வனத்துறை, போலீஸ், வருவாய்த் துறை சேர்ந்து ஊருக்குள் புகுந்த நாள். ஊர்ப் பெண்களையும் பிள்ளைகளையும் பிடித்து அரூர் வனத்துறை ஆபீசில் வைத்து, பிறகு கேஸ் போட்டு சேலம் சிறைக்கு அனுப்பினார்கள். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவர்கள். அவர்களும் அந்தக் கூட்டத்தில் குற்றவாளிகளாக ரிமாண்ட் ஆனார்கள். பயத்தில் மாஜிஸ்திரேட்டிடம் எதையும் சொல்ல முடியவில்லை என்று பின்னால் சொன்னார்கள். 2011 செப்டம்பர் 29இல் தர்மபுரி கோர்ட் தீர்ப்பு வந்தது, உயிரோடிருந்த 215 பேருக்கும் தண்டனை. 2023இல் அதே செப்டம்பர் 29இல் உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

ஜாமீன் எத்தனை நாளில் என்று பேசும்போது எனக்கு அந்த முதல் ரிமாண்ட்தான் நினைவுக்கு வரும். அத்தனை பெண்களும் ஒரு நீதித்துறை அதிகாரி முன்னால் நின்றார்கள். ‘உனக்கு என்ன நடந்தது’ என்று பக்கத்தில் காக்கிச்சட்டை இல்லாமல் ஒரு தடவை கேட்டிருந்தால் போதும். வரப்போரம் சொன்ன இரண்டு நிமிஷத்தைப் படித்ததும் அதுதான் தோன்றியது. அடிதடி கேஸையும் வாச்சாத்தியையும் ஒன்றாக வைக்கிறேன் என்று யாரும் நினைக்க வேண்டாம்.


மாங்கூழ் | புதன் மாலை 4.15

ஒரு சின்ன சந்தேகம். 90 நாள் ஆனால் தானாகவே விட்டுவிடுவார்களாமே? அப்புறம் எதற்கு இத்தனை மனு?


கறுப்புக் கோட்டு | புதன் மாலை 5.00

தானாக விட மாட்டார்கள். பி.என்.எஸ்.எஸ். 187இன்படி, குற்றப்பத்திரிகை போட போலீசுக்கு 60 நாள். மரணம், ஆயுள், பத்து வருஷமோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றமானால் 90. ரிமாண்ட் ஆன நாளையும் சேர்த்து எண்ண வேண்டும். நாள் முடிந்து, குற்றப்பத்திரிகை வருவதற்கு முன் மனுப் போட்டால்தான் அது உரிமை. 2020 ரவீந்திரன் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டார்கள். மனுப் போட்டபின் அவசரமாகக் குற்றப்பத்திரிகை கொண்டுவந்து வைத்தாலும் உரிமை போகாது. 61ஆம் நாள் காலை பத்தரைக்கு நான் மனுவோடு வாசலில் நிற்பேன், எதிர்த் தரப்பு குற்றப்பத்திரிகையோடு ஓடிவரும். அந்த ஒரு நாள் மட்டும் எல்லாரும் வேகமாக இருப்போம்.


சின்னாறு | புதன் மாலை 5.20

ஆக, போலீஸ் ரிப்போர்ட் 61ஆம் நாளென்றால் மட்டும் காலை பத்தரைக்கு வந்துவிடும். ஏட்டு ஐயா, பதில் சொல்லுங்கள்.


ஓய்வு ஏட்டு | புதன் மாலை 6.10

அன்று வரவில்லை என்றால் விசாரணை அதிகாரிக்கு சார்ஜ் மெமோ. ஜாமீன் ரிப்போர்ட் வரவில்லை என்றால் எவருக்கும் ஒன்றும் இல்லை. இதைவிட என்ன பதில் வேண்டும்?


பழைய பெஞ்ச் கிளார்க் | புதன் இரவு 8.30

ஏட்டு சொன்னதுதான் விஷயம். வரப்போரம், எதற்கும் ஒன்று சொல்கிறேன், அடுத்த தடவை என்று இல்லை, அப்படி வரவே வேண்டாம். ஆனால் யாருக்காவது வந்தால், ஜாமீன் மனு போடும் அன்றே ஜாமீன்தாரர் கட்டைத் தயார் செய்து வைத்துவிடுங்கள். தனிப்பட்டா, வீட்டு வரி ரசீது, ஆதார், போட்டோ. உத்தரவு வந்தபின் வி.ஏ.ஓ.வைத் தேடுவது பெரிய தவறு, ஜமாபந்தி நேரமென்றால் ஆளே கிடைக்க மாட்டார். விடுதலை உத்தரவை மூன்று மணிக்குள் கையில் வாங்கப் பாருங்கள். இதில் இரண்டு இரவு மிச்சமாகும்.


வரப்போரம் | வியாழன் இரவு 9.15

எல்லாருக்கும் நன்றி. தென்பெண்ணைக் கரை அக்கா எழுதியதைத் தம்பியிடம் படித்துக் காட்டினேன். ஒன்றும் பேசவில்லை, எழுந்து மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டான். அடிபட்டவர் வீட்டுக்கு ஊர்ப் பெரியவர் ஒருவரை வைத்துப் பேசிப் பார்க்கிறோம். வரப்பு எங்கே போகும், அங்கேதான் இருக்கும்.

ஒன்று சொல்ல மறந்துவிட்டேன். ஜாமீன் நிபந்தனைப்படி மறு உத்தரவு வரும்வரை தினமும் காலை பத்தரைக்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். ஓசூரில் வேறொரு கம்பெனி கூப்பிட்டார்கள், எட்டு மணி ஷிப்ட், போக முடியவில்லை. நிபந்தனையைத் தளர்த்தக் கேட்டுப் போன வாரம் மனுப் போட்டோம்.

இன்று கூப்பிட்டார்கள். போலீஸ் ரிப்போர்ட் வரவில்லை. திங்கள்கிழமைக்கு வைத்திருக்கிறார்கள்.